கழுத்து ஓரத்துக்குப் போன கதை

மளிகைக் கடையில் மீதிச் சில்லறையை வாங்குவதற்கு முன் அவன் ஒருமுறை இடது தோளுக்குப் பின்னால் பார்க்கிறான், ஒருமுறை வலது தோளுக்குப் பின்னால் பார்க்கிறான். அதற்குப் பிறகுதான் கையை நீட்டுகிறான். ஆரம்பத்தில் கடைக்காரர் பயந்துபோனார். யாரோ துரத்திக்கொண்டு வருகிறார்கள் போலிருக்கிறது என்று அவரும் எட்டி வாசலைப் பார்த்தார். இப்போது பழகிவிட்டது. "யாரும் வரல தம்பி, தைரியமா வாங்கிக்கோ" என்பார்.

யாரும் வரவில்லை என்று அவனுக்கும் தெரியும். கழுத்துதான் கேட்பதில்லை. பந்து காலுக்கு வந்து சேர்வதற்குள் முதுகுக்குப் பின்னால் யார் யார் எங்கே நிற்கிறார்கள் என்று பார்த்துவிட வேண்டும். நடுக்களத்தில் ஆடுகிறவனுக்கு இது பாலபாடம். சின்ன வயதில் பழகியது மைதானத்தோடு நிற்காமல் லிஃப்ட், சாப்பாட்டு மேசை, முடிவெட்டும் நாற்காலி என்று எல்லா இடத்துக்கும் கூடவே வந்துவிட்டது. கார் ஓட்டக் கற்றுக்கொள்ளப் போனான். சொல்லிக்கொடுத்தவர் ஒரே வாரத்தில் கையெடுத்துக் கும்பிட்டார். "முன்னாடி பாருங்க சார், முன்னாடி! பின்னாடி வர்றவன் அவனை அவனே பாத்துப்பான்!" கூட ஆடுகிறவர்கள் அவனைக் 'கழுத்து' என்றுதான் கூப்பிடுகிறார்கள். பயிற்சியாளரும் அப்படித்தான்.

வயது இருபத்துமூன்று. சம்பளத்துக்குக் கால்பந்து ஆடுவது தொழில். பின்னால் இருப்பவர்களிடமிருந்து பந்தை வாங்கி முன்னால் இருப்பவர்களிடம் கொடுக்க வேண்டும், அவ்வளவுதான். தடுத்தவனுக்குக் கைதட்டல் உண்டு. கோல் போட்டவனைத் தூக்கிவைத்துக் கொண்டாடுவார்கள். இடையில் வாங்கிக் கொடுத்தவன் எங்கே போனான் என்று யாரும் தேடுவதில்லை. ஆஸ்பத்திரிச் சலவைப் பிரிவில் வேலை பார்க்கும் அம்மாவுக்கு இது தீராத மனக்குறை.

"பந்து வந்ததும் ஏண்டா சூடு பட்ட மாதிரி அடுத்தவன்கிட்ட தள்ளி விட்டுடற? கொஞ்ச நேரம் வச்சுக்கோயேன், யாரு கேக்கப்போறா?"

"அதாம்மா என் வேலையே."

"நல்ல வேலை போ. உழைப்பு உனக்கு, பேரு இன்னொருத்தனுக்கு."

அவன் மறுத்துப் பேசுவதில்லை. பேசினாலும் விளக்க வராது. பந்து உருண்டு வரும் அந்தக் கொஞ்ச நேரத்தில் மைதானம் முழுவதும் அவன் தலைக்குள் வந்து உட்கார்ந்துவிடும். கரண்ட் போன பிறகும் சொந்த வீட்டில் நாற்காலியில் இடித்துக்கொள்ளாமல் நடக்கிறோமே, அந்த மாதிரி. அந்த நேரத்துக்காகத்தான் அவன் ஆடினான். ஆனால் அம்மாவிடம் இதை எப்படிச் சொல்வது?

கிளப் கொடுத்திருக்கும் மூன்றாம் மாடி வீட்டில் அவனும் கோல்கீப்பரும் இருக்கிறார்கள். கோல்கீப்பருக்கு 'பூட்டு' என்று பெயர். ஃப்ரிட்ஜின் மேல்தட்டில் சாப்பாட்டைவிட ஐஸ் பைகள்தான் அதிகம். கதவுக் கைப்பிடி, நாற்காலி முதுகு, டிவியின் தலை என்று எங்கே பார்த்தாலும் காலுறைகள் காய்கின்றன. கழுத்து தன் ஜெர்ஸியைத் தானே இஸ்திரி போட்டுக்கொள்வான். கிளப்பில் அதற்கு ஆள் இருக்கிறது. இருந்தாலும் அம்மா மகன் ஆயிற்றே, சலவையில் அடுத்தவர் கையை நம்பமாட்டான். பூட்டு சோபாவில் படுத்தபடி இதை வேடிக்கை பார்ப்பான். வாயைத் திறப்பது அபூர்வம்.

இப்படி ஒழுங்காகப் போய்க்கொண்டிருந்தது. ஒரு மேட்சின் பாதியில் இடது ஓரத்தில் தடுத்து ஆடுகிறவனுக்குக் கணுக்கால் பிசகிவிட்டது. மாற்று ஆள் காய்ச்சலில் படுத்திருந்தான். பயிற்சியாளர் சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு, "கழுத்து, நீ போய் அங்க நில்லு. இன்னிக்கு ஒரு நாளைக்குத்தான்" என்றார்.

அந்த ஒரு நாள் நீண்டுகொண்டே போனது. காரணம் வேறொன்றுமில்லை, அவன் அங்கே பிரமாதமாக ஆடினான். அவனைத் தாண்டி ஒருவனும் போகவில்லை. கோட்டை ஒட்டியே ஓடி எதிராளியின் மூலை வரை போய்ப் பந்தைத் தூக்கிப் போட்டான். அதை ஒருவன் தலையால் முட்டிக் கோலாக்கினான். அடுத்த மேட்சிலும் அதே கதை. கூட்டம் முதல்முறையாக அவன் பெயரைச் சொல்லிக் கத்தியது. இத்தனை நாள் இவனை எங்கே ஒளித்துவைத்திருந்தார்கள் என்று டிவியில் ஒருவர் ஆச்சரியப்பட்டார்.

அம்மா போனில் துள்ளினாள். "இப்பதான்டா உன் மூஞ்சியே தெளிவா தெரியுது! நடுவுல நின்னப்போ சந்தையில தொலைஞ்ச பிள்ளை மாதிரி இருப்ப."

அவனுக்குத்தான் ஒன்றும் பிடிபடவில்லை. இடது பக்கம் கழுத்தைத் திருப்பினால் வெள்ளைக் கோடு. அதற்கு அந்தப் பக்கம் ஒரு பெயிண்ட் விளம்பரப் பலகை, கேமராவுக்குப் பின்னால் கொட்டாவி விடும் ஒரு ஆள். அந்தப் பக்கத்திலிருந்து யாரும் வரப்போவதில்லை, யாருக்கும் பந்து கொடுக்கவும் முடியாது. தலைக்குள் பாதி இடம் காலியாகிவிட்டது. ஆனால் பாதித் தலையோடு ஆடும்போதுதான் எல்லோரும் பாராட்டுகிறார்கள்.

"ஒரு கண்ணை மூடிக்கிட்டு ஆடற மாதிரி இருக்குடா" என்றான் பூட்டிடம்.

பூட்டு கொஞ்சம் யோசித்தான். "அப்ப ஒரு கண்ணே உனக்குப் போதும்போல. அந்தப் பக்கத்துலேருந்து இப்பல்லாம் எனக்குப் பந்தே வர்றதில்ல. சும்மா நின்னு நின்னு கால் மரத்துப்போகுது."

ஒருநாள் பயிற்சி முடிந்ததும் பயிற்சியாளர் அறைக்குக் கூப்பிட்டார். பருத்த மனிதர். ஆரஞ்சுப் பழத்தை உரித்துக்கொண்டே பேசினார்.

"இத பாரு. உன்னை நடுவுல நிறுத்துனா நீ நல்ல ஆட்டக்காரன். ஓரத்துல நிறுத்துனா பெரிய ஆட்டக்காரன். இன்னும் மூணு வருஷம் நீ இங்கயே இருக்கணும்னு கிளப் ஆசைப்படுது. ஆனா ஓரத்துலதான். இந்த வார மேட்ச் முடிஞ்சதும் சொல்லு." பாதிப் பழத்தை அவன் கையில் கொடுத்தார்.

படியிறங்கும்போது, தன்னைப் பாராட்டினார்களா, ஒதுக்கிவைத்தார்களா என்று அவனுக்குப் புரியவில்லை. ஆரஞ்சைத் தின்னலாமா கூடாதா என்பதுகூடப் புரியவில்லை. கீழ்மட்டப் போட்டிகளில் ஆடும் ஒரு சின்ன கிளப் அவனை நடுவில் ஆடக் கேட்டுக்கொண்டிருந்தது வேறு குழப்பத்தைக் கூட்டியது.

அக்காவுக்குப் போன் செய்தான். அக்கா நகரப் பேருந்து ஓட்டுகிறவள். வண்டியை டிப்போவில் நிறுத்திவிட்டுத் தேநீர் குடித்துக்கொண்டிருந்தாள்.

"ஓரத்துல ஆடறது கேவலமாடா?"

"சேச்சே, அப்படியெல்லாம் இல்லக்கா."

"அப்ப உனக்குப் பிடிக்கலையா?"

"பிடிக்கலன்னு சொல்ல முடியாது."

"பிடிச்சிருக்கா?"

"அப்படியும் சொல்ல முடியாது."

"ஏண்டா, துணிக்கடையில அம்மா பேசற மாதிரியே பேசற?"

வாரக் கடைசி மேட்ச் வந்தது. இரண்டாம் பாதியில், நடுவில் ஆடுகிறவன் தொடையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டான். பயிற்சியாளர் இரண்டு கையையும் வீசி, "நடுவுக்குப் போ!" என்று கழுத்தைப் பார்த்துக் கத்தினார். அவன் ஊரெல்லாம் சுற்றிவிட்டு வீட்டுக்குத் திரும்புகிறவனைப் போல ஓடினான்.

பூட்டு உருட்டிவிட்ட பந்து அவனை நோக்கி வந்தது. கழுத்து வலது பக்கம் திரும்பியது, இடது பக்கம் திரும்பியது. எல்லாம் தெரிந்தது. இடது பக்கத்திலிருந்து எதிரணிக்காரன் ஒருவன் பாய்ந்து வருவதும் தெரிந்தது. கண் பார்த்துவிட்டது, ஆனால் கால், அந்தப் பக்கம் இன்னமும் கோடுதான் இருக்கிறது என்று நம்பிக்கொண்டிருந்தது. பந்தை அந்தப் பக்கமே தட்டினான். வந்தவன் அதை எடுத்துக்கொண்டு நேரே போய்க் கோல் போட்டான். பூட்டு வலைக்குள்ளிருந்து பந்தை எடுத்து வந்தான். கழுத்தின் முகத்தைப் பார்க்கவில்லை.

தோற்றுப்போனார்கள். உடைமாற்றும் அறையில் அவன் திட்டுக்காகக் காத்திருந்தான். பயிற்சியாளர் வந்து தோளில் கை வைத்தார். "அங்க உன்னை அனுப்பினது என் தப்புப்பா. மனசுல வச்சுக்காத."

திட்டியிருக்கலாம். திட்டு வாங்கியிருந்தால் அந்த இடம் இன்னும் அவனுடையதாக இருந்திருக்கும். விருந்தாளி டம்ளரை உடைத்துவிட்டால்தானே 'பரவாயில்லை' என்று சொல்வார்கள்?

மறுநாள் மதியம் சோபாவில் உட்கார்ந்து தன் பழைய மேட்சுகளை ஓடவிட்டுப் பார்த்தான். சில வாரத்தில் மறந்துபோகிற வித்தையா அது? அல்லது எப்போதுமே சுமாராகத்தான் வந்ததா? திரையில் ஒரு ஒல்லிப் பையன் தலையை அப்படியும் இப்படியும் திருப்பினான், பந்தை வாங்கினான், கொடுத்தான். நன்றாக ஆடுகிறானா இல்லையா என்று அவனுக்கே சொல்லத் தெரியவில்லை.

"இவன் எப்படிடா ஆடறான்?" என்று கேட்டான்.

பூட்டு திரையைப் பார்த்துவிட்டு, "யாரு, நீயா?" என்றான்.

சாயங்காலம் மறுபடி அக்காவைக் கூப்பிட்டான்.

"இன்னிக்குச் சொல்லியாகணும்க்கா."

"என்ன சொல்லப்போற?"

"தெரியல."

"தெரியலன்னே சொல்ல முடியாதா?"

"முடியாது."

"அப்ப ஏதாவது ஒண்ணைச் சொல்லு, அப்புறமா தெரிஞ்சுக்கலாம். நான் மட்டும் என்ன, பஸ் ஓட்டணும்னு கனவு கண்டுட்டா இங்க வந்தேன்?" அவளுக்குப் பின்னால் யாரோ ஹாரன் அடித்தார்கள். "வண்டி எடுக்கணும்டா, வச்சுடறேன்" என்றாள்.

போய், இங்கேயே இருப்பதாகச் சொல்லிவிட்டான். கையெழுத்துப் போட்டான். பயிற்சியாளர் கட்டிக்கொண்டார். புகைப்படம் எடுத்த பெண், "இன்னும் கொஞ்சம் சிரிங்க" என்றாள், சிரித்தான். அம்மா, சலவைப் பிரிவு முழுக்கச் சொல்லிவிட்டதாகக் குரல் செய்தி அனுப்பினாள். பின்னால் இயந்திரங்கள் உறும, சில பெண்கள் கைதட்டுவதும் கேட்டது. அதை இரண்டு தரம் கேட்டான். சந்தோஷமாகத்தான் இருந்தது, அதில் பொய்யில்லை. அந்தச் சந்தோஷத்துக்கு அடியில் இன்னொன்றும் இருந்தது. துக்கமா என்று கேட்டால் அதுவும் இல்லை. சட்டைக்குள் உறுத்தும் லேபிள் மாதிரி, இருக்கும் இடம் தெரிகிறது, கைக்கு எட்டவில்லை.

மறுநாள் காலை புல் ஈரமாக இருந்தது. எல்லோரும் வட்டமாக ஓடி உடம்பைச் சூடாக்கிக்கொண்ட பிறகு பயிற்சியாளர் கையைத் தட்டினார். "டிஃபென்ஸ் எல்லாம் இந்தப் பக்கம்! மிட்ஃபீல்டு எல்லாம் அந்தப் பக்கம்!"

தடுத்து ஆடுகிறவர்கள் ஒரு பக்கமும் நடுவில் ஆடுகிறவர்கள் ஒரு பக்கமுமாகக் கும்பல் பிரிந்து நடக்கத் தொடங்கியது. கழுத்து இருந்த இடத்திலேயே குனிந்து, நன்றாக முடிந்திருந்த ஷூ லேஸை அவிழ்த்தான். அதைத் திரும்ப, நிதானமாக, கட்ட ஆரம்பித்தான்.