தேறாத ஊரில் ஒரு ருபார்ப் சர்பத்

ருபார்ப் தண்டைக் கத்தியால் அறுக்கக் கூடாது. அடியில் பிடித்து, லேசாகத் திருகி, ஒரே இழுப்பில் உருவ வேண்டும். நெவில் சைக்ஸ் அப்படித்தான் உருவுகிறார். வந்ததை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துத் தடிமனையும் நிறத்தையும் பார்க்கிறார். பிடிக்கவில்லை என்றால், "மன்னிக்கணும், இந்தத் தடவ நீங்க தேறல" என்று தண்டிடமே சொல்லிவிட்டு உரக்குழியில் எறிகிறார். காலை ஏழு மணி. காலில் ரப்பர் பூட்ஸ், கழுத்தில் டை.

இருபத்தெட்டு வருடம் எங்கள் ஊரில் ஓட்டுநர் உரிமத்துக்குத் தேர்வு வைத்தவர் நெவில். யார்க்ஷயரில் வேக்ஃபீல்டைச் சுற்றியுள்ள ஊர்களில் ருபார்ப் இல்லாத கொல்லை கிடையாது. எங்கள் ஊரில் நெவிலிடம் தோற்ற ஆள் இல்லாத வீடும் கிடையாது. கசாப்புக் கடை மால்கம், பல் மருத்துவர், பள்ளித் தலைமையாசிரியை, எல்லோரும் அவரிடம் ஒருமுறையாவது தவறியவர்கள். பாதிரியார் மூன்று முறை. மூன்றாம் முறை ரவுண்டானாவுக்கு முன்னால் கண்ணை மூடி ஒரு நொடி ஜெபித்தாராம். நெவில் அதைக் 'கவனக்குறைவு' என்று எழுதிவிட்டார். பாதிரியார் இன்றுவரை சைக்கிளில்தான் சாவு வீடுகளுக்குப் போகிறார்.

ருபார்ப்பின் இலை சேம்பிலையின் அண்ணன் மாதிரி இருக்கும். அது விஷம். சிவந்த தண்டைக் கடித்தால் காது வரை கூசும். இப்படி ஒரு செடியைப் பார்த்து, இதற்குச் சர்க்கரை போட்டால் சரியாகிவிடும் என்று நினைத்த முதல் மனிதர் நிச்சயமாக யார்க்ஷயர்க்காரராகத்தான் இருந்திருப்பார். வேறு யாருக்கு அந்தப் பிடிவாதம் வரும்?

நெவிலின் சமையலறையில் சர்பத் காய்ச்சுவது ஒரு தேர்வு மாதிரியே நடக்கும். தண்டுகளை ஒரு அங்குலத் துண்டுகளாக நறுக்குவார். தோலை உரிக்க மாட்டார். நிறம் தோலில்தான் இருக்கிறது. துண்டுகள் மூழ்கும் அளவுக்குத் தண்ணீர், நசுக்கிய இஞ்சி ஒரு துண்டு, எலுமிச்சைத் தோல். தண்டு தன் உருவத்தை மறந்து நாராய்ப் போகும்வரை சிறு தீயில் கிடக்கும். அதன்பின் ஒரு முக்காலியைத் தலைகீழாகக் கவிழ்த்து, அதன் கால்களில் மெல்லிய துணியைத் தொட்டில் மாதிரி கட்டி, அதில் ஊற்றிவிடுவார். கீழே வைத்த சட்டியில் சாறு சொட்டுச் சொட்டாக இறங்கும். அதுவாக இறங்க வேண்டும். துணியைப் பிழிந்தால் சர்பத் கலங்கிவிடும்.

பிழியாமல் இருப்பதுதான் இதில் கஷ்டமான வேலை. கால் மணிக்கு ஒருமுறை வந்து, இரண்டு கைகளையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு குனிந்து பார்ப்பார்.

"பிரசவ வார்டு வாசல்ல நிக்கிற மாதிரி நிக்காத, நெவில்," என்பார் மனைவி பிரெண்டா. "ஹெலன் பொறந்தப்ப கூட நீ இப்படி நிக்கல. வண்டியில உக்காந்து பேப்பர் படிச்சிட்டிருந்த."

"அங்க நிறுத்தக் கூடாதுன்னு போர்டு இருந்துச்சு. வண்டியில ஆள் இருக்கணும்."

இறங்கிய சாற்றில் லிட்டருக்கு முக்கால் கிலோ சர்க்கரை. கெடாமலிருக்கக் கொஞ்சம் சிட்ரிக் ஆசிட். அதை வாங்கப் போன இடத்தில், மருந்துக் கடைப் பெண் அவரை மேலும் கீழும் பார்த்திருக்கிறாள். போதை மருந்து கரைக்கிறவர்களும் அதையேதான் கேட்டு வருவார்கள்.

"எதுக்கு கண்ணு?" எங்கள் ஊரில் கடைக்காரர்களுக்கு எழுபது வயதுக்காரரும் கண்ணுதான்.

"ருபார்ப்புக்கு."

"எல்லாரும் அப்படித்தான் சொல்றாங்க."

டை கட்டியிருந்தும் அவளிடம் ஒரு பொட்டலத்துக்கு மேல் பெயரவில்லை.

இவ்வளவு காய்ச்சுகிற நெவிலுக்குப் பதினொரு வருடமாகச் சர்க்கரை வியாதி. ஒரு மிடறு குடிக்கக் கூடாது. ருசி பார்த்ததெல்லாம் பிரெண்டாதான். பிரெண்டாவிடம் இரண்டே தீர்ப்புகள்: "அடைக்கலாம்", "கொட்டு". மேல்முறையீடு கிடையாது. ஊரையே தோற்கடித்த மனிதர் ஒரு மரக்கரண்டியை நீட்டிவிட்டு அந்த அம்மாளின் வாயைப் பார்த்துக்கொண்டு நிற்பார்.

இரண்டு வருடத்துக்கு முன்னால் வந்த ஒரு காய்ச்சல் பிரெண்டாவின் மோப்பத்தைக் கொண்டுபோய்விட்டது. ருசியும் கூடவே போனது. இந்த மே மாதம் முதல் தடவை சர்பத் காய்ச்சியபோது நெவில் கரண்டியை நீட்டினார். பிரெண்டா நெடுநேரம் நாக்கில் வைத்திருந்தார்.

"டயர் எரிஞ்ச மாதிரி இருக்கு."

"நெஜமாவா?"

"காலைல முட்டையும் அப்படித்தான் இருந்துச்சு. என்ன நம்பாத."

மற்ற வருடமாக இருந்தால் போகிறது என்று விட்டிருப்பார். இந்த வருடம் அப்படி விட முடியாது. மகள் ஹெலனுக்கு நாற்பத்து நான்கு வயதில் இரண்டாவது கல்யாணம், ஜூலையில், கிரிக்கெட் கிளப் மண்டபத்தில். மாப்பிள்ளை ஸ்டூவர்ட் குடியை விட்டு ஒன்பது வருடமாகிறது. மார்ச்சில் ஹெலன் போன் செய்தாள்.

"அப்பா, வாழ்த்து சொல்லி எல்லாரும் கிளாஸ தூக்குவாங்கல்ல, அதுல ஷாம்பெயின் வேணாம். அவருக்குக் கஷ்டமா இருக்கும். உங்க ருபார்ப் சர்பத்த சோடால கலந்து எல்லாருக்கும் குடுத்துரலாம். இருபத்திநாலு பாட்டில் முடியுமா?"

"முடியும்."

"நல்லா வருமில்ல? அவரோட அம்மா டோரீன் இருக்காங்களே, பார்ன்ஸ்லிக்காரங்க. புருஷன் சாவு சாப்பாட்டுலயே பன்னிக்கறிய மெல்லிசா வெட்டிட்டாங்கன்னு கேட்டரிங்காரன சண்டைக்கு இழுத்தவங்க."

"வரும்" என்று சொல்லிப் போனை வைத்துவிட்டார். ஹெலன் அவரிடம் ஒன்று வேண்டும் என்று கேட்டது, பிரெண்டாவின் கணக்குப்படி, 1997க்குப் பிறகு இதுதான் முதல் தடவை. அப்போது கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கச் சொன்னாள். மூன்றாம் நாள் அழுதுகொண்டு வீட்டுக்கு நடந்தே வந்தாள். வண்டி பின்னாலேயே மெதுவாக வந்தது.

ஆகவே ஜூன் மாதம் முழுவதும் நெவில் ருசி பார்க்க ஆள் தேடினார். இங்கேதான் எங்கள் பக்கத்து வழக்கத்தைச் சொல்ல வேண்டும். யார்க்ஷயரில் பாராட்டு என்பது ரேஷன் சாமான். "குடிக்கலாம்" என்றால் நன்றாக இருக்கிறது. "மோசமில்ல" என்றால் மிக நன்றாக இருக்கிறது. ஒன்றும் சொல்லாமல் காலி டம்ளரை மறுபடி நீட்டினால் அதற்குமேல் பட்டம் கிடையாது. "நல்லாருக்கு" என்று யாராவது சிரித்த முகமாகச் சொன்னால், அதை அப்படியே எடுத்துக்கொண்டு போய் வடிகாலில் ஊற்றிவிடலாம்.

முதலில் மால்கமிடம் போனார். மால்கம் இறைச்சி வெட்டும் கத்தியைக் கீழே வைத்துவிட்டு ஒரு டம்ளரைக் குடித்து, வாயைத் துடைத்து, பல் முழுதும் தெரியச் சிரித்தான்.

"நல்லாருக்கு, நெவில்."

மால்கம் 1994இல் ரவுண்டானாவில் தயங்கியதற்காகத் தோற்றவன். அந்தச் சிரிப்பில் ருபார்ப் எவ்வளவு, 1994 எவ்வளவு என்று நெவிலால் பிரிக்க முடியவில்லை. பல் மருத்துவரும் "நல்லாருக்கு" என்றார். அவர் தோற்றது 2003. சைக்கிளை ஓரமாக நிறுத்திய பாதிரியார், "அற்புதம், மகனே" என்றார். அது பழிவாங்கலா மன்னிப்பா என்பது அவர் தொழிலில் எப்போதுமே தெளிவாகத் தெரியாது. பக்கத்து வீட்டுக்காரனான என்னிடமும் ஒரு டம்ளர் வந்தது. நான் சொன்னதை நெவில் கேட்டுக்கொண்டார். ஆனால் நான் இரண்டாம் தடவையில் தேறியவன் என்பதால் என் சாட்சியைப் பாதியாக வைத்துக்கொள்வதாகச் சொல்லிவிட்டார்.

கடைசியில் பெனலபிதான் மிஞ்சினாள். பழைய பிரார்த்தனைக் கூடத்தை வாங்கி வீடாக்கிக்கொண்டு தெற்கே இருந்து குடிவந்தவள். உரிமத்தை அங்கேயே வாங்கிவிட்டாள். ஊரில் நெவிலிடம் பகை இல்லாத நாக்கு அது ஒன்றுதான். நெவில் டையைச் சரிசெய்துகொண்டு, மூடி போட்ட டம்ளரோடு போனார். பத்து நிமிடத்தில் திரும்பி வந்தார். முகத்தில் ரத்தமில்லை.

"என்ன சொன்னா?" என்றார் பிரெண்டா.

"தெய்வீகமா இருக்காம்."

"ஐயோ."

"வாழ்க்கையிலயே இப்படி ஒண்ணு குடிச்சதில்லையாம். அழுகை வருதுன்னு சொன்னா, பிரெண்டா. நெஞ்சுல கை வெச்சிக்கிட்டா."

"ஒரு மடக்குலயா?"

"ஒரே மடக்குல. அதுல என்ன விழுந்துச்சோ, தெரியலையே."

அன்று மத்தியானம் நான் தோட்டச் சுவரோரம் நின்றபோது, திறந்திருந்த சமையலறை ஜன்னலுக்குள், அடைத்து வைத்த இருபத்துநான்கு பாட்டில்களையும் கழுவுதொட்டிக்குப் பக்கத்தில் வரிசையாக நிறுத்தி, நெவில் முதல் மூடியைத் திருகிக்கொண்டிருந்தார். தெற்கத்திக்காரர்கள் தேநீரைக்கூடத் தெய்வீகம் என்று சொல்கிறவர்கள் என்று சுவருக்கு மேலாக நான் எடுத்துச் சொன்னேன். அவர் காதில் விழவில்லை. கடையில் எலுமிச்சைச் சாறு வாங்கிவிடலாம், கல்யாணத்தன்று அதைக் குடித்து யாரும் அழ மாட்டார்கள் என்றார்.

பிரெண்டா வந்தார். பாட்டில்களை எடுத்து இரண்டு மரப்பெட்டிகளில் அடுக்கினார். ஒன்றின்மேல் ஒன்றாக வைத்தார். பின்னல் வேலையை எடுத்துக்கொண்டு அதன்மேல் ஏறி உட்கார்ந்தார்.

"எறங்கு, பிரெண்டா."

"மாட்டேன்."

"அந்த டோரீன் முன்னாடி ஹெலனுக்குத் தலகுனிவாயிரும்."

"ஹெலன் உன்கிட்ட எலுமிச்சச் சாறு கேக்கல. உன் சர்பத்தக் கேட்டா. புளிச்சா புளிக்கட்டும், டயரா இருந்தா டயரா இருக்கட்டும். பாட்டில தொட்ட, இந்த ஊசி எங்க போகும்னு நான் சொல்ல மாட்டேன்."

அந்த அம்மாள் மூன்று நாள் சமையலறையில் வேறெங்கும் உட்காரவில்லை என்பது ஊர் வழக்கு. நான் பார்த்தது ஒரு நாள்தான். கல்யாணத்தன்று காலையில் பெட்டிகளை வண்டியில் ஏற்றியதும் பிரெண்டாதான். நெவில் அத்தனை கவனமாக ஓட்டியதை நான் பார்த்ததே இல்லை. வழியில் ஏதாவது இடித்துப் பாட்டில்கள் உடைந்தால் நல்லது என்று அவர் உள்ளூர ஆசைப்பட்டிருந்தாலும், கை அதற்கு ஒத்துழைக்கவில்லை.

மழை. மண்டபத்துக் கூரையிலிருந்து ஒரு வாளியில் சொட்டிக்கொண்டிருந்தது. பாட்டில்களை நெவில்தான் திறந்தார், ஒவ்வொரு மூடியையும் கோட்டுப் பையில் போட்டுக்கொண்டு. ஸ்டூவர்ட்டின் நண்பன் ஒருவன் நீளமாகப் பேசி முடித்தான். எல்லோரும் இளஞ்சிவப்பு டம்ளர்களைத் தூக்கினார்கள். நெவில் தூக்கவில்லை, மேடைக்குப் பக்கத்தில் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்று வாய்களைப் பார்த்தார்.

"தெய்வீகம்!" என்று பெனலபியின் குரல் மண்டபம் முழுக்கக் கேட்டது. நெவில் கண்ணை மூடிக்கொண்டார்.

கண்ணைத் திறந்தபோது எதிரே டோரீன் நின்றிருந்தார். குட்டையான உருவம், தலையில் இறகு வைத்த தொப்பி, கையில் பாதி காலியான டம்ளர்.

"புளிக்குது," என்றார்.

"ருபார்ப்னா புளிக்குங்க."

"தெரியும். நான் என்ன லண்டன்லயா பொறந்தேன்?" இன்னொரு வாய் குடித்தார். கூரையைப் பார்த்தார். "இஞ்சி போட்டிருக்கீங்க."

"கொஞ்சம்."

"ம்."

அவ்வளவுதான். போய்விட்டார். ஹெலன் தூரத்திலிருந்து புருவத்தை உயர்த்தி என்ன என்று கேட்டாள். நெவில் தெரியவில்லை என்று உதட்டைப் பிதுக்கினார். அவள் தன் டம்ளரைக் காலி செய்துவிட்டு நடனத்துக்குப் போனாள். அதுவும் அவருக்கு ஒரு பதிலாகப் படவில்லை. மணப்பெண்ணுக்குத் தாகம் எடுக்காதா? அதன்பின் இரண்டு மணி நேரம் நெவில் வாய்களையே பார்த்துக்கொண்டிருந்தார். பிரெண்டா தட்டில் வைத்துக் கொடுத்த பன்றிக்கறியைத் தொடக்கூட இல்லை.

ஆட்டம் முடிந்து நாற்காலிகளை அடுக்கத் தொடங்கியபோது, காலி பாட்டில்களை எடுக்க நெவில் பரிமாறும் மேசைப் பக்கம் போனார். அங்கே டோரீன் முதுகைக் காட்டி நின்றிருந்தார். திறந்த கைப்பைக்குள், குடைக்கும் கையுறைக்கும் நடுவே, பாதி சர்பத் இருந்த பாட்டிலை நிமிர்த்தி இறக்கிக்கொண்டிருந்தார். காலடி கேட்டுத் திரும்பினார். தொப்பியின் இறகு ஆடி நின்றது. இருவரும் ஒருவரையொருவர் பார்த்தார்கள். அந்த அம்மாள் பாட்டிலை வெளியே எடுக்கவில்லை, வெட்கப்படவும் இல்லை.

நெவில் கோட்டுப் பைக்குள் கையை விட்டார். உள்ளே கிடந்த மூடிகளில் ஒன்றைத் தேடி எடுத்தார். கைக்குட்டையால் அதன் உட்புறத்தைச் சுற்றித் துடைத்து, இரண்டு விரலில் பிடித்து, டோரீனிடம் நீட்டினார்.