இலை கொட்டும் மாதத்தில் ஒரு ரப்பர் தோட்டம் தேடி

சினிமாவில் லொக்கேஷன் மேனேஜர் என்றால் ஊர் சுற்றுவதற்குச் சம்பளம் என்றுதான் என் வீட்டில் நினைக்கிறார்கள். ஜனவரி கடைசியில் நான் பாறசாலைக்குப் போனதும் அந்த வேலைக்குத்தான். ஆறு வருடம் உதவியாளராக அலைந்தபின் தனியாகப் பொறுப்பேற்ற முதல் படம். சொதப்பினால் மறுபடி உதவியாளர்தான் என்று இயக்குநர் சிரித்துக்கொண்டே சொல்லியிருந்தார். அவர் சிரித்துக்கொண்டு சொல்வதெல்லாம் நிஜம்.

இடம் அக்டோபரிலேயே பார்த்தாயிற்று. உதியன்குளங்கரையிலிருந்து உள்ளே மூன்று கிலோமீட்டர், உச்சி வெயிலிலும் இருண்டு கிடக்கும் ரப்பர் தோட்டம். அந்த இருட்டுதான் கதைக்கு வேண்டும். "ஜனவரி கடைசியில வாங்க, அப்ப வெட்டு கிடையாது" என்றார் தோட்டத்தின் சொந்தக்காரர். வெட்டு என்றால் மரத்தைக் கீறிப் பால் எடுப்பது. ஏன் கிடையாது என்று நான் கேட்கவில்லை. நம் வசதிக்குத்தான் என்று நினைத்துக் கிளம்பிவிட்டேன்.

படப்பிடிப்பு திங்கட்கிழமை. சனிக்கிழமை விடியற்காலை நெய்யாற்றின்கரையில் அறை எடுத்து (ஒரு நாளைக்கு 900 ரூபாய்), 8.15க்கு ஆட்டோவில் போய் இறங்கினால், ஒரு மரத்திலும் இலை இல்லை. மேலே பளீரென்று வானம். எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை.

ஆட்டோக்காரர் தங்கையன் அண்ணனுக்கு ஐம்பது வயதிருக்கும். "ரப்பர் இந்த மாசம் இல கொட்டுமாக்கும். அதனாலதான் வெட்ட நிறுத்துவாவ. ஒருத்தரும் சொல்லல்லியா மக்கா?" என்றார்.

"நான் கேக்கலண்ணே."

மறுநாள் சாயங்காலம் அறுபது பேர் வந்து இறங்குவார்கள். ஆட்டோவுக்குள் உட்கார்ந்து கொஞ்சம் அழுதேன், அதை ஏன் மறைக்க வேண்டும்.

"எல்லா மரமும் ஒண்ணுபோல கொட்டாது. வெள்ளறடைப் பக்கம் ஒரு டீச்சருக்க தோட்டம் உண்டு. டிசம்பர் தொடக்கத்துலயே கொட்டி, இப்ப இல வந்தாச்சு. ஏறு, போய்ப் பாப்போம்."

பதினாலு கிலோமீட்டர், நாற்பது நிமிடம், காத்திருப்போடு 600 ரூபாய். வழி நெடுக மொட்டை மரங்கள். பார்க்கவே பிடிக்காமல் தலையைக் குனிந்துகொண்டேன். கடைசித் திருப்பத்தில் மடியில் நிழல் விழுந்தது.

பிரேமா டீச்சர் யோசித்துவிட்டுத்தான் பேசினார். "இஞ்ச வெட்டு உண்டு. பத்து மணிக்குப் பால் எடுத்து முடிச்சிருவோம், பொறவு நீங்க எடுத்துக்கிடுங்க. சிரட்டையில மட்டும் ஆரும் கை வைக்கப்பிடாது."

மரத்துக்கு மரம் பால் வடியக் கட்டியிருந்த தேங்காய்ச் சிரட்டைகளைப் பார்த்தேன். எனக்கு வேண்டியது உச்சி வேளைதான். கும்பிட்டுவிட்டு வந்தேன்.

இந்தப் பக்கம் பச்சை பார்க்க வருகிறவர்கள் ஜனவரி, பிப்ரவரியைத் தவிர்த்துவிடுங்கள். வந்தே ஆக வேண்டுமென்றால் ஆட்டோக்காரரிடம் முதலில் பேசுங்கள். படம் எடுக்க வருகிற என்னைப் போன்றவர்கள், தேதி குறிக்கும்போதே அந்த மாதத்தில் மரம் எப்படி இருக்கும் என்றும் கேட்டுவிடுங்கள்.

திங்கள் பத்தரைக்கு இயக்குநர் வந்தார். தோட்டம் மாறியதைப் போனில் சொல்லியிருந்தேன். "பாக்கலாம்" என்று மட்டும் சொல்லியிருந்தார். உள்ளே நடந்தார், அண்ணாந்து பார்த்தார், கேமராக்காரர் பக்கம் திரும்பினார்.

"ரொம்ப இருட்டா இருக்கே. இன்னும் ரெண்டு லைட் சொல்லுங்க."

அப்போதுதான் காலையிலிருந்து நான் ஒன்றும் சாப்பிடவில்லை என்பது நினைவுக்கு வந்தது.