கம்பெனி பஸ்ஸில் நடந்த மந்திரப் பள்ளி

அந்தப் பள்ளிக்கூடத்தை நான் ஆரம்பித்ததே ஒருத்தியின் வாந்தியை நிறுத்துவதற்காகத்தான். கம்பெனி பஸ்ஸில் என் பக்கத்து சீட்டுக்காரிக்கு வண்டி கிளம்பினாலே குமட்டும். போனைப் பார்த்தால் இன்னும் மோசம். ராயக்கோட்டையில் ஏறினால் ஓசூரில் கம்பெனி கேட்டில் இறங்கும்வரை எலுமிச்சம்பழத்தை மூக்கில் வைத்துக்கொண்டு கண்ணை மூடியிருப்பாள். பாவமாக இருந்தது. என் சுடிதாரைப் பற்றிய கவலையும் இருந்தது என்பதை மறைப்பானேன்? "கதை சொல்லட்டுமா?" என்று ஒருநாள் கேட்டேன்.

ராயக்கோட்டை மலைக்கு அடியில் ஒரு மந்திரப் பள்ளி இருப்பதாக அளந்து விட்டேன். அங்கே வாத்தியார் கிடையாது. வெறும் புத்தகங்கள், அத்தனையும் வெள்ளைத்தாள். யாரிடமும் சொல்லாத ஓர் உண்மையைப் புத்தகத்திடம் சொன்னால், உலகம் ஒளித்து வைத்திருக்கும் ஒரு விஷயத்தை அது பதிலுக்கு எழுதிக் காட்டும். பொய் சொன்னால் அட்டைகூடத் திறக்காது. கேட்டுக்கொண்டே வந்தவள் அன்றைக்கு வாந்தி எடுக்கவில்லை.

ஒரே வாரத்தில் முன் சீட்டும் பின் சீட்டும் காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்தன. நான் கொஞ்சம் மூச்சு வாங்கினால் போதும், கன்னடக்கார அம்மா ஒருத்தி "ஆமேலே?" என்று அவசரப்படுத்துவாள். அப்புறம், அப்புறம் என்று மற்றவர்களும் சேர்ந்துகொள்வார்கள். பிறகு எல்லோருக்கும் அந்தப் பள்ளியில் அட்மிஷன் வேண்டும் என்று ஆகிவிட்டது. கோடு போடாத நோட்டு ஒன்று வாங்கினேன். பெயர் போடாமல் ஆளுக்கொரு ரகசியம் எழுதினால் சீட்டு. தலைமையாசிரியை நான், படிப்பதும் நான் மட்டும்தான். மாமியார் வைக்கிற ரசத்தைத் தினமும் சாக்கடையில் கொட்டுவதாக ஒருத்தி எழுதியிருந்தாள்.

பக்கத்து சீட்டுக்காரி கடைசியாகத்தான் நோட்டைக் கேட்டாள். கையால் மறைத்துக்கொண்டு எழுதி, மூடி என் மடியில் வைத்தாள். "நான் எட்டாவதுதான். வேலை செய்வது அக்காவோட பத்தாவது சர்ட்டிபிகேட்டில். கார்டில் இருப்பதும் அக்கா பேர்."

நான் படித்து முடிக்கும்வரை என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். "அக்காக்குக் கல்யாணமாயிடுச்சு, அவளுக்கு அது எதுக்குக்கா? ஜெராக்ஸ்ல போட்டோ கறுப்பா இருந்துச்சு, காண்ட்ராக்ட்காரரும் ஒண்ணும் கேக்கல. வேலைன்னு ஒண்ணு இருக்கற வரைக்கும் எங்கூட்டுல மாமனைக் கட்டிக்கச் சொல்லமாட்டாங்க. நீ யாருகிட்டயும் சொல்லிடாதக்கா."

"சொல்லுவேனா?" என்றேன்.

ஒரு மழைநாளில் தக்காளி லாரிகளுக்குப் பின்னால் பஸ் மாட்டிக்கொண்டது. கதை கதை என்று எல்லோரும் பிடுங்கினார்கள். என்னிடம் சரக்கு தீர்ந்து போயிருந்தது. இல்லை என்று சொல்லியிருக்கலாம், கௌரவம் விடவில்லை. அக்காவின் பெயரைச் சொல்லிப் பள்ளிக்குள் நுழைந்த ஒரு பெண்ணின் கதையை ஆரம்பித்தேன். வாசல் திறந்துவிட்டது, ஆனால் எந்தப் புத்தகமும் அவளுக்குத் திறக்கவில்லை. பஸ்ஸே மூச்சுக் காட்டாமல் கேட்டது. பக்கத்து சீட்டைத் திரும்பிப் பார்க்க எனக்குத் தைரியமில்லை. நிறுத்தவும் மனசில்லை, அவ்வளவு நன்றாக வந்துகொண்டிருந்தது.

"இந்த மாதிரியெல்லாம் உனக்கு எங்கிருந்து தோணுது?" என்றாள் எங்கள் லைன் லீடர். அந்தப் பாராட்டுதான் என்னைக் கெடுத்தது. "தோணறதாவது, நோட்டுல இருக்கறதுதான். நம்ம பஸ்லயே இருக்காங்க" என்று சொல்லிவிட்டேன்.

தவளை தன் வாயால் கெடும் என்பார்கள். என் வாயால் கெட்டது அடுத்தவள். போய்ச் சொன்னது லைன் லீடரா வேறு யாராவதா, இன்றுவரை எனக்குத் தெரியாது. அடுத்த வாரம் எங்கள் லைனில் எல்லோரும் சர்ட்டிபிகேட் ஒரிஜினலைக் கொண்டுவர வேண்டும் என்றார்கள். ஒரிஜினலில் அக்காவின் முகம் பளிச்சென்று இருந்தது.

மதியச் சாப்பாட்டுக்கு முன்பே கார்டை வாங்கிக்கொண்டு அனுப்பிவிட்டார்கள். நான் கேட்டுக்கு ஓடினேன். அவள் திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

"கதை நல்லாத்தான்க்கா இருந்துச்சு" என்றாள். "கடைசில அந்தப் பொண்ணுக்கு ஒரு புக்காவது தொறந்துச்சா?"

நான் அதுவரை யோசித்திருக்கவில்லை. சாயங்காலம் அவள் தங்கியிருந்த அறைக்குப் போனபோது பெட்டியோடு ஊருக்குப் போய்விட்டதாகச் சொன்னார்கள். போனும் போகவில்லை. அதற்கப்புறம் பஸ்ஸில் யாரும் கதை கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. போகவேண்டும் போகவேண்டும் என்று நினைத்தே மூன்று மாதத்தை ஓட்டினேன்; போகப் பயம், அதுதான் உண்மை.

அஞ்செட்டி தாண்டி அவள் ஊருக்குக் காலையில் ஒரு பஸ், சாயங்காலம் ஒரு பஸ். இறங்கி, எனக்குத் தெரிந்த பெயரைச் சொல்லி வீடு கேட்டேன். காட்டினார்கள். இடுப்பில் குழந்தையோடு வெளியே வந்தவளை நான் பார்த்ததே இல்லை.

"நான்தான் அது. நீங்க யாரு?"

அவளுடைய அக்கா. கல்யாணமாகி அதே ஊரில்தான் இருக்கிறாள். கம்பெனியில் தங்கச்சியோடு வேலை செய்தவள், ரெண்டு வருஷமாக பஸ்ஸில் பக்கத்து சீட்டு என்று தட்டுத்தடுமாறிச் சொன்னேன்.

"அவள மாமனுக்கே கட்டிக் குடுத்துட்டாங்க. வேலையும் போச்சு, இனி என்ன சாக்குச் சொல்லுவா? ஆத்துக்கு அந்தாண்ட, கர்நாடகா பக்கம் இருக்கா. போகாதீங்க, கம்பெனிக்காரங்கன்னாலே அவருக்கு ஆகாது."

வெயிலில் நின்றுகொண்டிருந்தேன். கேட்கக் கூசியது, கேட்காமல் திரும்பவும் முடியவில்லை. "தங்கச்சி பேரு என்ன?"

குழந்தையை மறு இடுப்புக்கு மாற்றிக்கொண்டு என்னை ஏற இறங்கப் பார்த்தாள். "ரெண்டு வருசம் பக்கத்துல ஒக்காந்து போனீங்களே, அதக்கூடவா கேக்கல?"

பஸ் முழுக்க ரகசியம் வாங்கிய தலைமையாசிரியைக்கு அது தோன்றவில்லை. அக்காக்காரி தங்கச்சியின் பெயரைச் சொன்னாள். அதை நான் இங்கே எழுதப்போவதில்லை. அவளைப் பற்றி எனக்குத் தெரிந்ததில் நான் வெளியே சொல்லாமல் வைத்திருப்பது அது ஒன்றுதான்.