மகளுக்கென்று போட்டிருந்த கதிரை

யுத்தம் முடிந்து சில வருடங்கள் ஆகியிருந்தன. மன்னாரிலிருந்து வெளியேறி வந்த நாங்கள் எத்தாளையில் குடியிருந்தோம். என் இளைய மகள் வெளி மாவட்டப் பல்கலைக்கழகம் ஒன்றில் இறுதி வருடப் பரீட்சை எழுதினாள். ஒரு பாடத்தின்போது அவளுடைய மேசையடியில் பாடக் குறிப்பு எழுதிய கடதாசித் துண்டொன்று கிடந்ததாம். தன்னுடையதல்ல என்று அங்கேயே சொல்லியிருக்கிறாள். விசாரணைக்கு அழைப்போம், அப்போது சொல்லுங்கள் என்று அனுப்பிவிட்டார்கள்.

அந்த அழைப்பு வருவதற்குள் அவளுடைய கணவன் கடலுக்குப் போய் ஜனாஸாவாகத் திரும்பினான். கணவனை இழந்தவள் நான்கு மாதமும் பத்து நாளும் வீட்டுக்குள்ளேயே இத்தா இருக்க வேண்டும். விசாரணைத் திகதியோ அதற்குள் விழுந்தது. எண்ணிப் பார்த்தேன். அந்தத் திகதியிலிருந்து இத்தா முடிய அறுபத்தொரு நாள். வேறு திகதி தரும்படி அவள் பதிவுத் தபாலில் கேட்டாள். பதில் வரவில்லை. எனக்குப் பயம் பிடித்துக்கொண்டது. விசாரணையன்று மரணச் சான்றிதழை எடுத்துக்கொண்டு நானே பஸ் ஏறினேன்.

விசாரணை அறையில் மேசைக்கு அந்தப் பக்கம் மூன்று பேர். இந்தப் பக்கம் ஒரு கதிரை. நான் அதில் உட்காரப் போனேன்.

"அது மாணவிக்கு. சோதனை எழுதினது நீங்களா, ஐயா?" என்றார் நடுவில் இருந்தவர். பக்கத்தில் இருந்தவர் சிரித்தார்.

"மகள் இத்தாவில இரிக்கிறா, சேர். புருஷன் மௌத்தாகிட்டார். ரெண்டு மாசம் பொறுத்தா அவவே வந்து சொல்லுவா."

"ரெண்டு மாசமா? ஆளாளுக்கு ஒரு காரணம் சொன்னா நாங்க எப்ப வேலைய முடிக்கிற?"

சான்றிதழை நீட்டினேன். யாரும் தொடவில்லை. வெளியில் இருக்கச் சொன்னார்கள். எதிரேயிருந்த சன்னலின் கம்பிகளை எண்ணி முடிக்கவில்லை, கதவு திறந்துவிட்டது. கோப்போடு வந்த லிகிதர் என் முகத்தைப் பார்க்காமலே சொன்னார்: பரீட்சை ரத்து, இரண்டு வருடத் தடை.

வீட்டுக்கு வந்தபோது மகள் கதவுக்கு உள்ளேயே நின்றாள். "என்ட கையெழுத்தயாவது அந்தத் துண்டோட வெச்சுப் பாத்தாங்களா, வாப்பா?"

இல்லை என்றேன்.

மேன்முறையீடு செய்தோம். மாணவி சமுகமளிக்கவில்லை என்று பதிவாகியிருக்கிறது, இனி ஒன்றும் செய்வதற்கில்லை என்றார்கள். தடை முடிந்தும் அவள் அந்தப் பக்கம் போகவில்லை.

இப்போது எங்கள் பள்ளிவாசல் நிருவாகத்தில் நானும் ஒருவன். குடும்பப் பிணக்குகள் வரும். ஒரு பக்கத்தார் வராவிட்டால் பேச்சைத் தொடங்க நான் விடுவதில்லை. "இந்த மனுசன் இரிக்கும் வரைக்கும் இங்க ஒண்டும் முடியாது" என்று மற்றவர்கள் சலித்துக்கொள்வார்கள். சலிக்கட்டும். இதுவரை பதினொரு முறை வேறொரு நாளுக்குத் தவணை போட வைத்திருக்கிறேன். என் மகளுக்குத் தேவைப்பட்டது அதில் ஒன்று மட்டும்தான்.