ஸ்டிரைக் என்றால் வெறும் பத்து இல்லை

இன்று குழுவில் ஒருவர் கேட்டிருந்தார்: "பௌலிங்கில் பத்துக் கட்டையும் விழுந்த பிறகும் திரை ஏன் உடனே மதிப்பெண் காட்டுவதில்லை?"

எனக்கு இதற்குப் பதில் எண்பதுகளில் டில்லியில் கிடைத்தது.

கல்யாணமான புதிது. கிட்வாய் நகரிலிருந்து பஸ் பிடித்து, சனிக்கிழமைகளில் ஒரு ஹோட்டலின் பௌலிங் கூடத்துக்குப் போவோம். தாளும் பென்சிலும் என் கணவர் கையில். விழுந்த கட்டைகளை மட்டும் கூட்டுவார். எப்போதும் அவரே ஜெயிப்பார்.

அன்றும் அவருக்கு 78, எனக்கு 74. அவர் டீ வாங்கப் போனபோது தாளைத் திருப்பினேன். பின்பக்கம் விதிகள் அச்சாகியிருந்தன. முதல் பந்திலேயே பத்தும் விழுந்தால் அது ஸ்டிரைக்; அடுத்த இரண்டு பந்துகளில் விழுவதும் அந்தப் பத்தோடு சேருமாம். இரண்டு பந்தில் பத்தும் விழுந்தால், அடுத்த ஒரு பந்து சேரும்.

உட்கார்ந்து திரும்பக் கூட்டினேன்.

"ஏங்க, எனக்கு 93. உங்களுக்கு 81தான்."

"அதெல்லாம் அமெரிக்காக்காரன் ரூல். இங்க யாரு பாக்கறா?"

கவுண்டரில் இருந்த சர்தார்ஜி தாளை வாங்கிப் பார்த்தார். "பெஹன்ஜி டீக் போல்தீ ஹைன், சாப்" என்று, நான் சொல்வதுதான் சரி என்று தீர்ப்புச் சொல்லிவிட்டார்.

அடுத்த ஆட்டத்தில் ஸ்டிரைக் விழுந்ததும் நான் குதிக்கவில்லை. புடவையைச் செருகிக்கொண்டு அடுத்த இரண்டு பந்துகளையும் நிதானமாகக் குறிபார்த்து உருட்டினேன். 112!

மறுவாரமே வீட்டுக்கு கேரம் போர்டு வந்தது. அதன் விதிகள் தனக்கு மட்டும்தான் தெரியும் என்று இன்றுவரை சொல்கிறார். தெரிந்தவர்கள் கீழே எழுதுங்கள், அவரும் படிக்கட்டும்.