பீச் காப்ளர் வேகும்வரை

பீச் காப்ளரில் கோசலாவுக்குப் பிடிக்காதது ஒன்றே ஒன்றுதான்: அதைக் கிண்டக்கூடாது. ட்ரேயில் வெண்ணெயை உருக்கி, கரைத்த மாவை ஊற்றி, டின்னிலிருக்கும் பீச் பழத்தைப் பாகோடு மேலே கவிழ்த்து ஓவனுக்குள் தள்ளினால் முடிந்தது. பிறகு கைக்கு வேலையில்லை. அரபு ஊரான ஃபஹாஹீலில் அவள் வேலை செய்யும் வீட்டிலோ சும்மா இருக்கவே முடியாது. சமையலறை மூலையில் கேமரா இருக்கிறது. கொஞ்சம் உட்கார்ந்தால் போதும், ஆபீஸிலிருந்து மேடத்தின் போன் வந்துவிடும். அதனால் காப்ளர் வேகும்வரை துடைத்த மேடையையே திரும்பத் திரும்பத் துடைத்துக்கொண்டிருப்பாள்.

இன்று வெள்ளிக்கிழமை, லீவு. ஊர்க்காரி யோகம்மாவின் ரூமுக்கு வந்து, அங்கிருந்த குட்டி ஓவனில் தனக்கென்றே ஒரு காப்ளர் வைத்தாள். ஓவனை மூடிய கையோடு, கழுவி வைத்திருந்த தம்ளர்களை மறுபடி கழுவத் தொடங்கினாள்.

“ஒக்காருங்க அக்கா. இங்க என்ன கெமராவா இருக்கு?” யோகம்மாவுக்கு எரிச்சல்.

அதுவும் சரிதான். கோசலா நாற்காலியில் உட்கார்ந்தாள், ஆனால் முதுகைச் சாய்க்கவில்லை. கண் தானாகச் சுவரின் மேல்மூலைக்குப் போனது. அங்கே ஒரு பல்லி அசையாமல் அவளையே பார்த்துக்கொண்டிருந்தது.

கோசலா எழுந்து துணியை எடுத்தாள்.