பரபாஸ் வேஷத்துக்கு ஆள் மாறிய வருஷம்

மூட்டைப்பூச்சிக்கு மருந்தடிப்பவரை வீட்டுக்குக் கூப்பிடுவது பெரிய ரகசிய வேலை. கூப்பிடுகிறவர்கள் போனில் குசுகுசுவென்றுதான் பேசுவார்கள். வண்டியில் மாட்டியிருக்கிற போர்டைக் கழற்றிவிட்டு வர வேண்டும். வண்டியைப் பக்கத்துத் தெருவில் நிறுத்த வேண்டும். மருந்து பம்பைத் துணிப்பையில் போட்டு மூடிக்கொண்டு பின்வாசல் வழியாக வர வேண்டும். "யாராவது கேட்டா ஃபேன் ரிப்பேர்னு சொல்லிடுங்க" என்பார்கள். இப்படியே ஃபேன் மெக்கானிக், டிவி மெக்கானிக், தூரத்துச் சொந்தம் என்று போடாத வேஷம் இல்லை நம் மருந்துக்காரருக்கு. மருந்துக்காரர் என்பதுதான் அவருக்கு வழங்கிய பெயர். அதையும் அவர் முதுகுக்குப் பின்னால்தான் சொல்வார்கள்.

வேலையில் அவரைக் குறை சொல்ல முடியாது. கட்டிலைப் பிரித்து ஆணி ஓட்டைகளைப் பார்ப்பார், மெத்தையின் தையல் ஓரத்தை நகத்தால் கீறிப் பார்ப்பார், சுவரில் மாட்டிய படத்தையெல்லாம் கழற்றுவார். ஹெட்மாஸ்டர் வீட்டில் சட்டம் போட்ட சான்றிதழ்களுக்குப் பின்னால் பெரிய குடியிருப்பே இருந்தது. திருச்சபைச் செயலர் வீட்டில், குடும்ப வேதாகமத்தின் முதுகு அட்டைக்குள் பூச்சிகள் பேரன் பேத்தி எடுத்திருந்தன. அந்தப் புத்தகத்தை அங்கே யாரும் திறந்து எத்தனை காலம் ஆகிறது என்பதற்கு வேறு சாட்சி தேவையில்லை. மருந்துக்காரர் இதையெல்லாம் யாரிடமும் சொன்னதில்லை.

அந்த வாயடக்கத்துக்கு அவருக்குக் கிடைத்த மரியாதை என்ன? தெருவில் பார்த்தால் ஹெட்மாஸ்டர் கடைப் பலகையைப் படிக்க ஆரம்பித்துவிடுவார். செயலருக்குத் திடீரென்று போன் வரும். மருந்துக்காரரைப் பார்த்துச் சிரித்துவிட்டால், இவருக்கு அவரை எப்படித் தெரியும் என்று பக்கத்தில் நிற்பவன் யோசிப்பான் இல்லையா. சேவல் கூவுவதற்குள் இயேசுவைத் தெரியாது என்று சொன்ன பேதுருவாவது மூன்று தடவை மறுதலித்ததோடு நிறுத்திக்கொண்டார். இந்தச் சபையார் தினமும் சேவல் கத்தக் கத்த மறுதலித்தார்கள்.

ஞாயிற்றுக்கிழமை ஆலயத்தில் அவர் பெஞ்சில் உட்கார்ந்தால், கூட இருப்பவர்கள் மெல்ல மெல்ல மறு ஓரத்துக்கு நகர்ந்துவிடுவார்கள். ஒருவருக்கொருவர் கை கொடுத்துச் சமாதானம் சொல்லுங்கள் என்று பாஸ்டர் சொல்லும்போது, இவருக்கு மட்டும் தூரத்திலிருந்து ஒரு தலையாட்டல் கிடைக்கும். பூச்சி அவர் சட்டையிலிருந்து தாவிவிடுமாம். மருந்திலேயே ஊறிய அந்தச் சட்டையில் கொசுகூட உட்காராது. அதை யார் போய்ச் சொல்வது? வேலைக்குப் போகிற வீடுகளிலும் அப்படித்தான். உட்காருங்கள் என்று ஒரு வீட்டில்கூடச் சொன்னதில்லை.

அவருக்கு இது பழகிப்போன விஷயம். மூன்று ஆண்பிள்ளைகளுக்குப் பிறகு பெண் வேண்டும் என்று அப்பாவும் அம்மாவும் முழங்கால் தேய ஜெபித்ததற்கு வந்த பதில் அவர். நர்ஸ் வந்து "பையன்" என்றதும், டீ குடித்துவிட்டு வருகிறேன் என்று போன அப்பா சாயங்காலம்தான் திரும்பினார். பள்ளிக்கூடத்தில் கால்பந்துக்கு ஆள் பிரிக்கும்போது, "இவனையும் நீங்களே வச்சுக்கங்கடா" என்று கடைசியில் தள்ளிவிடுவார்கள். பெண் கேட்டுப்போன இடங்களில் மாப்பிள்ளையின் தொழில் என்ன என்பது வரைதான் பேச்சு நன்றாகப் போகும். கடைசியில் அவரைக் கட்டிக்கொண்டவள், அவர் மருந்தடித்த ஒரு வீட்டுப் பெண். "எங்க வீட்ல எல்லாரும் சொறியாம தூங்கினது அன்னைக்குத்தான். இந்த ஆளை விட்டா வேற எவன் நமக்கு நிம்மதி குடுப்பான்னு தோணுச்சு" என்று அவள் இன்றைக்கும் சொல்வாள். காதல் கதை என்றால் அவர்களுக்கு அவ்வளவுதான்.

இப்படிப்பட்ட மனிதருக்கு பரபாஸ் வேஷம் கிடைத்ததும் வேறு யாரும் அதைக் கேட்காததால்தான். ஈஸ்டருக்கு முந்தைய புனித வாரத்தில் சபை ஹாலில் இயேசுவின் சிலுவைப் பாடுகளை நாடகமாகப் போடுவார்கள். தீர்ப்புச் சொல்கிற ஆளுநர் பிலாத்து, ஹெட்மாஸ்டர். இயேசு, முடி வளர்த்த ஒல்லியான ஜெராக்ஸ் கடைக்காரர். இயேசுவுக்குப் பதிலாக விடுதலையாகிற கொலைகாரன் பரபாஸாக நிற்க ஒருவரும் முன்வரவில்லை. தாடி இருக்கிறதே என்று மருந்துக்காரரைக் கூப்பிட்டுச் சங்கிலி மாட்டிவிட்டார்கள். வசனம் கிடையாது. வந்து முறைக்க வேண்டும், விடுதலை ஆனதும் சிரித்துக்கொண்டே இறங்கிப் போக வேண்டும்.

அந்த முதல் வருஷம், இருவரில் யாரை விடட்டும் என்று பிலாத்து கேட்டார். மேடையில் இருந்த கூட்டம் "பரபாஸ்! பரபாஸ்!" என்று கத்தியது. நாடகம் பார்க்க வந்தவர்களும் சேர்ந்துகொண்டார்கள். மருந்துக்காரருக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துப்போனது. தெருவில் தெரியாத மாதிரி போகிற அத்தனை பேரும் நரம்பு புடைக்க அவரைத்தான் வேண்டும் என்றார்கள். அன்று வீட்டுக்கு வந்து, சங்கிலி பட்டுச் சிவந்த மணிக்கட்டை மனைவியிடம் காட்டிக்கொண்டே இருந்தார்.

"உன்னை வேணும்னு சொல்ல நான் இருக்கேன்ல, அது பத்தாதா?" என்றாள் அவள்.

"நீ ஒருத்திதான? அது கூட்டம்" என்றார் அவர். இரண்டு நாள் அவள் அவரோடு பேசவில்லை.

அதற்குப் பிறகு வருஷம் முழுக்க அவர் அந்த ஒரு சாயங்காலத்துக்காகவே காத்திருந்தார். பிரசங்கத்தில் ஆபிரகாம், தாவீது என்று யாரைச் சொன்னாலும் அவருக்கு ஏறாது. வேதத்திலேயே கொடுத்துவைத்தவன் பரபாஸ்தான் என்பது அவர் கட்சி. தாவீதுக்குக்கூட எதிரிகள் இருந்தார்கள். பரபாஸை வேண்டாம் என்று ஒருவரும் சொல்லவில்லையே.

இந்த வருஷம் ஒத்திகைக்குப் போனபோது சங்கிலி வேறொருவர் கையில் இருந்தது. சபையில் புதிதாகச் சேர்ந்த ஜிம் மாஸ்டர், கழுத்து எது தோள் எது என்று தெரியாத ஆள். செயலர் மருந்துக்காரரைத் தள்ளி நின்றே கூப்பிட்டார்.

"அவருக்கு உடம்பு இருக்கு பாருங்க. கொலைகாரன்னா ஒரு பயம் வரணும்ல. புதுசா வந்தவங்களுக்கும் ஒரு வாய்ப்பு குடுக்கணும். நீங்க கூட்டத்துல நின்னுக்கங்க, தப்பா எடுத்துக்காதீங்க."

தப்பாக எடுத்துக்கொள்ளாமல் வேறு எப்படி எடுத்துக்கொள்வது? வீட்டில் சொன்னதும் மனைவி கொதித்துப்போனாள்.

"அந்தாளு வீட்டு பைபிள்ல பூச்சி இருந்ததை மைக்ல சொல்லுங்க. யாரு பரபாஸ்னு அப்ப பாக்கலாம்."

"சொல்லக் கூடாது. தொழில்னு ஒண்ணு இருக்கு."

"அப்ப நாடகத்துக்கே போகாதீங்க."

போகாமல் இருக்க அவரால் முடியவில்லை. பழைய போர்வையைத் தலையில் போட்டுக்கொண்டு கூட்டத்தில் நின்றார். இதே கூட்டம் இன்றைக்கு அந்த ஜிம்காரனுக்காகக் கத்தப்போகிறது, தானும் சேர்ந்து கத்த வேண்டும் என்று நினைத்தபோதே போர்வையை முகம் மறைய இழுத்துவிட்டுக்கொண்டார்.

ஜிம் மாஸ்டர் சங்கிலியோடு வந்து, நன்றாக மூச்சை இழுத்து நெஞ்சைக் காட்டினார். இந்தப் பக்கம் ஜெராக்ஸ் கடைக்காரர் கை கட்டப்பட்டு, தலை குனிந்து நின்றார். மருந்துக்காரர் அவரைக் கூட்டத்திலிருந்து பார்ப்பது இதுதான் முதல் தடவை. பரபாஸாக மேடையில் நிற்கும்போதெல்லாம் இவர் கண் கூட்டத்தின் மேலேயே இருக்கும்.

"யாரை விடுதலை செய்யட்டும்?" என்று ஹெட்மாஸ்டர் பிலாத்து குரலை உயர்த்தினார்.

கூட்டம் மூச்சை இழுத்தது. அந்த இடைவெளியில் மருந்துக்காரர் முந்திக்கொண்டார்.

"இயேசுவை விடுங்க!"

பக்தியெல்லாம் இல்லை. சுத்தமான வயிற்றெரிச்சல். ஆனால் ஹால் முழுக்கக் கேட்டுவிட்டது. கத்த வாய் திறந்தவர்கள் அப்படியே நின்றார்கள். ஹெட்மாஸ்டருக்கு ஒன்றும் ஓடவில்லை. தப்பாக வாசித்த மாணவனைத் திரும்ப வாசிக்கச் சொல்வது போல, கேள்வியை இன்னொரு தடவை கேட்டார்.

"இயேசுவைத்தான். அவர் என்ன தப்பு பண்ணாரு? விட்டுடுங்க."

முன்வரிசையில் உட்கார்ந்திருந்த தையல்கார அம்மா கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு சத்தமாகச் சொன்னாள். "சரியாத்தான சொல்றாரு. வருஷா வருஷம் அந்தப் பாவி மனுஷனைப் போட்டு அடிச்சிக்கிட்டு. இந்தத் தடவையாவது விட்டுத் தொலைங்க."

பின்னால் சிலர் கை தட்டினார்கள். ஹெட்மாஸ்டர் பதற்றத்தில், கடைசியில் செய்ய வேண்டிய வேலையை முதலிலேயே செய்தார். இந்தப் பழியில் எனக்குப் பங்கில்லை என்று பிலாத்து கை கழுவுவதற்காக வைத்திருந்த பிளாஸ்டிக் பேசினில் கையை விட்டு நன்றாகக் கழுவிக்கொண்டார். யாருக்கும் வேண்டாதவராகச் சங்கிலியோடு நின்ற ஜிம் மாஸ்டரின் நெஞ்சு மெல்ல இறங்கியது. "அப்ப நான் போகவா, வேணாமா?" என்று அவர் பிலாத்துவைக் கேட்டது மைக்கில் விழுந்தது.

இயேசு விடுதலையாகி வீட்டுக்குப் போய்விடுகிற நிலைமை. அப்போதுதான் திரைக்குப் பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது. ஞாயிறுதோறும் எல்லோரும் கேட்கிற, யாருக்கும் சந்தேகமே வராத குரல்.

"அவனைச் சிலுவையில் அறையும்! அறையும்!"

பாஸ்டர்தான். நாடகத்தைக் காப்பாற்ற அவருக்கு வேறு வழி தெரியவில்லை. போதகரே சொல்லிவிட்ட பிறகு சேவகர்கள் என்ன செய்வார்கள்? ஜெராக்ஸ் கடைக்காரரை இழுத்துக்கொண்டு போனார்கள்.

நாடகம் முடிந்ததும் பாஸ்டர் மருந்துக்காரரைப் பிடித்துக்கொண்டார். "இயேசு சாகலன்னா நமக்கு ரட்சிப்பு ஏது? கொஞ்சமாவது யோசிச்சீங்களா?"

"யோசிக்கல பாஸ்டர். வாயில வந்துடுச்சு."

"அடுத்த வருஷத்துல இருந்து நீங்க கூட்டத்துலயும் வேணாம்."

கூட்டத்திலிருந்துகூட ஒரு ஆளை நீக்க முடியும் என்பது மருந்துக்காரருக்கு அன்றுதான் தெரிந்தது. போர்வையை மடித்துக்கொண்டு வாசலுக்கு வந்தார். அங்கே ஜெராக்ஸ் கடைக்காரர், நெற்றியில் இருந்த சிவப்புச் சாயத்தைத் துண்டால் துடைத்துக்கொண்டு நின்றார். இவரும் திட்டத்தான் போகிறார் என்று மருந்துக்காரர் தலையைக் குனிந்துகொண்டார்.

"தம்பி, இத்தனை வருஷமா உன் பக்கத்துலதான் கையைக் கட்டிக்கிட்டு நிக்கிறேன்" என்றார் ஜெராக்ஸ் கடைக்காரர். "உன் பேரைச் சொல்லிக் கத்துவாங்க. நீ சிரிச்சிக்கிட்டே இறங்கிப் போவ. நாடகம்தான்னு தெரியும், இருந்தாலும் ஒரு மாதிரி இருக்கும். இன்னைக்குத்தான்யா ஒருத்தன் என் பேரைச் சொன்னான்."

மருந்துக்காரருக்கு வெட்கமாகிவிட்டது. "நல்ல எண்ணத்துல சொல்லலண்ணே. அந்த ஜிம்காரன் மேல இருந்த காண்டுல சொன்னேன்."

"எதுல சொன்னா என்ன, காதுல விழுந்துச்சுல்ல. அது இருக்கட்டும், சனிக்கிழமை நம்ம வீட்டுக் கட்டிலைக் கொஞ்சம் வந்து பாரு. போர்டைக் கழட்டாத. வண்டியை வாசல்லயே நிறுத்து."

சனிக்கிழமை பட்டப்பகலில் மருந்துக்காரர் போனார். போர்டோடு வண்டியை வாசலில் நிறுத்தியபோது ஏதோ சட்டையில்லாமல் நிற்பது போல இருந்தது. பம்பைப் பையில் போடாமல் கையில் எடுத்துக்கொண்டு முன்வாசல் வழியாக உள்ளே போனார். கட்டிலைப் பிரித்தார், மெத்தையைக் கீறினார், படங்களைக் கழற்றினார். பிறகு குழப்பத்தோடு நிமிர்ந்தார்.

"அண்ணே, ஒரு பூச்சிகூட இல்ல."

"தெரியும். வா, டீ வருது."

"அப்புறம் எதுக்கு போர்டோட வரச் சொன்னீங்க? எதிர்வீட்டு மாடியில இருந்து பாக்குறாங்க. உங்க வீட்ல மூட்டைப்பூச்சின்னு தெரு பூரா பேசுவாங்க. கடைக்கு எவனும் வரமாட்டான்."

"பேசட்டும். பூச்சி இருந்தாதான் உன்னைக் கூப்பிடணுமா? உட்காரு."

மருந்துக்காரர் நாற்காலி மெத்தையைப் பழக்க தோஷத்தில் திருப்பிப் பார்த்தார், தையலை நகத்தால் கீறினார், பிறகு நுனியில் உட்கார்ந்தார். வீட்டம்மா டீயைக் கொண்டுவந்து கையில் கொடுத்தாள். குடித்து முடித்தால் எழுந்து போக வேண்டியிருக்கும் என்று நினைத்து, அது ஆறும்வரை அவர் கையிலேயே வைத்திருந்தார்.